பதிவு செய்தவர்

பனங்காட்டில் கொலுசுப் பட்டறைக்கு மேல்
பத்துக்குப் பத்து அறை.
சுவரெல்லாம் முட்டை அட்டை.
கீழே மெருகு உருளை நிற்கும் நேரம்தான்
மேலே ரெக்கார்டிங் நேரம்.
கரண்ட் போனால் இருவருக்கும் லீவு.

ஆறு வருஷம் அந்த மென்பொருள்
திறக்கும்போதெல்லாம்
'பதிவு செய்தவர்' என்று சொல்லி
வேறு ஒருவன் பெயரைக் காட்டும்.
எழுத்துக்கு நடுவே எண்கள் செருகிய பெயர்.
நானும் ஒரு வணக்கம் வைத்துவிட்டு
வேலையைப் பார்ப்பேன்.

விலை நாற்பத்தெட்டாயிரம்.
ஒரு கோயில் பாட்டுக்கு அன்று ஆயிரத்தைந்நூறு,
அதிலும் ஐந்நூறு பாக்கி.
கணக்குத் தெரிந்த யாரும் என்னைத் திட்டவில்லை.
கிருபாகரன் பென்டிரைவில் கொண்டுவந்தான்.
முதல் வரியிலேயே ஒரு கட்டளை:
வைரஸ் காவலை அணைத்துவிடு.
அணைத்தேன்.
நாயைக் கட்டிப்போடச் சொன்னது
திருடனேதான் என்பது
அப்போது வேடிக்கையாகக்கூடத் தோன்றவில்லை.

சாவி செய்யும் சின்னச் சன்னல் திறந்தது.
அதற்குள் ஒரு இசை.
பூட்டு உடைக்கிற கருவி பாடும் என்று
யாரும் எனக்குச் சொல்லியிருக்கவில்லை.
பழைய வீடியோ கேமின் கீச்சுக்குரல்,
நாற்பது நொடி, திரும்பத் திரும்ப.
ஏழாம் நொடியில்
அந்தர காந்தாரம் இருக்கவேண்டிய இடத்தில்
சாதாரணம் வந்து உட்காரும்.
டீ ஆறிப் போகும்வரை கேட்டேன்.

பின்னால் ஒருமுறை
செவ்வாய்ப்பேட்டைக் கொலுசுக்கடை விளம்பரம்.
இருபது நொடி, எட்டாயிரம் ரூபாய்.
ஒரே ராத்திரியில் தானாக வந்தது,
ரொம்ப நாளாய் எனக்குள் இருந்த மாதிரி.
இருந்ததுதான்.
அஸ்தம்பட்டி ஆட்டோக்காரர் போன்வரை அது போன பிறகு
டவுன் பஸ்ஸில் நின்றபடி கண்டுபிடித்தேன்
அந்த காந்தாரத்தை.
அவன் கேட்கவும் வரமாட்டான்.
கொடுக்க என்னிடம் முகவரியும் இல்லை.

விண்ணரசி ஏற்காட்டிலிருந்து வருவாள்.
இருபது கொண்டை ஊசி வளைவு இறங்கினால்
அவளுக்குக் காது அடைத்துக்கொள்ளும்,
சுருதி ஒரு மயிரிழை கீழே நிற்கும்.
தட்டுவடை செட் ஒன்றை மென்று,
கொட்டாவி விட்டு,
"ம்… இப்பத் தொறந்துச்சு" என்பாள்.
பிறகு பாடுவதெல்லாம் ஒரே டேக்.
அவளே எழுதிய ஒன்பது பாட்டு.
அந்த 'ம்'மை மட்டும்
வெட்டாமல் வைத்திருந்தேன்.

மாசியில் ஒரு புதன்கிழமை
எல்லாக் கோப்புக்கும்
நான்கெழுத்து வால் முளைத்திருந்தது.
திறந்தால் இரைச்சல்கூட இல்லை.
ஒரு கடிதம் மட்டும்:
இத்தனை டாலர், எழுபத்திரண்டு மணி நேரம்.
பிழையில்லாத, மரியாதையான கடிதம்.

போனில் சொன்னேன்.
"ரிப்பேரானது உங்க சாமான் தானே,
என் பாட்டு எப்படிப் போகும்?" என்றாள்.
பதில் தெரிந்திருந்தது.
கீழே குமரப்பன்
அடுத்தவர் வெள்ளியை கிராமில் எழுதி வாங்குகிறார்.
வேலை முடிந்ததும்
அரப்பொடியைக்கூடக் கூட்டி எடை போட்டுத்
திருப்பித் தருகிறார்.
நான் அந்தப் படியில்
தினம் நாலுமுறை ஏறி இறங்குகிறவன்.

ஆறு தவணையில் வாங்கிவிட்டேன்,
சின்னப் பதிப்பு, பதினாறு டிராக்தான்.
'பதிவு செய்பவர் பெயர்?' என்றது.
கட்டத்தில் கோடு துடித்தது.
பழக்கத்தில் விரல்
அந்த எண் செருகிய பெயரையே அடித்துவிட்டது.
அழித்தேன்.
மாதேஸ்வரன், பனங்காடு, சேலம் என்று
கேட்காத ஊரையும் சேர்த்து அடித்தேன்.

ஞாயிற்றுக்கிழமை வருகிறாளாம்.
ஒன்பதில் நான்குதான் நினைவில் இருக்கிறதாம்.

கீழே உருளை நிற்கிறது.
மைக்கைத் திறக்கிறேன்.
பட்டறைப் பையன் விசிலடிக்கிறான்,
அதே இருபது நொடி.
ஏழாம் நொடியில்
பிசகாமல் இறங்குகிறான்.